டிஸ்மிஸ் ஆகி கால் நூற்றாண்டு: இப்போது வழக்குப் போடலாமா?

ஏற்காடு நாகலூரிலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார். அவருடைய அப்பா மெட்ராஸ் ரெஜிமெண்டில் 11 வருஷம் சிப்பாயாக இருந்தவர். தாயாருக்கு முடியவில்லை என்று லீவில் வந்தார், திரும்பிப் போகவில்லை. 1998-இல் டிஸ்மிஸ் செய்ததாகக் கடிதம் வந்தது. இப்போது சேலம் ஐந்து ரோட்டில் ஒருவர், "மனு போட்டு பென்ஷன், அரியர் எல்லாம் வாங்கித் தருகிறேன், முன்பணம் 60,000, வருவதில் பாதி எனக்கு" என்கிறாராம். கொடுக்கலாமா?

கொடுக்காதீர்கள்.

இந்த வழக்குகளைக் கேட்பது ஆயுதப்படைத் தீர்ப்பாயம். சென்னையில் அதன் கிளை இருக்கிறது. இறுதி உத்தரவு வந்த 6 மாதத்துக்குள் அங்கே போக வேண்டும். தகுந்த காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிக்கலாம் என்று சட்டத்தில் இருப்பது உண்மைதான். ஆனால் இத்தனை வருஷத்துக்கு "விவரம் தெரியவில்லை" என்பது போதாது.

புரோக்கர்கள் இங்கேதான் ஒரு வேலை செய்வார்கள். இப்போது ராணுவத்துக்கு ஒரு மனு அனுப்புவார்கள். "பரிசீலிக்க இயலாது" என்று பதில் வரும். அந்தத் தேதியிலிருந்து 6 மாதம் எண்ணி வழக்குப் போடுவார்கள். செத்துப்போன கோரிக்கை ஒரு பதில் கடிதத்தால் உயிர் பெறாது என்று உச்ச நீதிமன்றம் 2008-லேயே சி. ஜேக்கப் வழக்கில் சொல்லிவிட்டது. அதுவும் நம் தமிழ்நாட்டிலிருந்து போன வழக்குதான். இருந்தும் இந்த மனு வியாபாரம் நின்றபாடில்லை.

"ஓமலூர்க்காரர் ஒருவருக்கு 25 வருஷம் கழித்து வாங்கிக் கொடுத்தேன்" என்றாராம் அந்த ஐந்து ரோட்டு ஆள். அது பொய் என்று நான் சொல்லவில்லை. அவர் பெரும்பாலும் உடல் ஊனத்தால் வீட்டுக்கு அனுப்பப்பட்டவராக இருப்பார். ஊன பென்ஷன் மாதாமாதம் வரவேண்டிய பணம். அதைத் தராதது மாதாமாதம் தொடரும் தவறு, அதனால் தாமதமாகவும் கேட்கலாம். தர்செம் சிங் வழக்கில் 2008-இல் உச்ச நீதிமன்றம் இதை ஏற்றது. ஆனால் நிலுவை, வழக்குப் போட்ட நாளுக்கு முந்தைய 3 வருஷத்துக்கு மட்டும்தான். "25 வருஷ அரியர்" என்று யார் ஆசை காட்டினாலும் நம்பாதீர்கள். டிஸ்மிஸ் அப்படியல்ல. அது ஒரே நாளில் நடந்து முடிந்த உத்தரவு. அதை உடைக்காமல் பென்ஷனைத் தொட முடியாது. ஓமலூர்க்காரர் கதையும் உங்கள் அப்பா கதையும் வேறு வேறு.

இன்னொன்று. அந்த உத்தரவே ரத்தானாலும், சிப்பாய்க்கு சர்வீஸ் பென்ஷன் கிடைக்க 15 வருஷச் சேவை வேண்டும். அப்பாவுக்கு 11 தான். இதை அந்த ஆள் சொன்னாரா?

சரி, செய்யக்கூடியது என்ன? நீலகிரி வெலிங்டனில் உள்ள மெட்ராஸ் ரெஜிமெண்ட் ரெக்கார்ட் ஆபீசுக்கு (ஆவண அலுவலகம்) 10 ரூபாய் கட்டணத்தில் தகவல் உரிமை மனு போடுங்கள். டிஸ்மிஸ் உத்தரவின் நகல், மருத்துவக் குறிப்புகள், சேமநிதிக் கணக்கு முடிக்கப்பட்டதா என்ற விவரம், இவற்றைக் கேளுங்கள். பென்ஷன் இல்லாதவர்களின் ஆவணங்களை 25 வருஷத்துக்கு மேல் ராணுவம் வைத்திருப்பதில்லை. எனவே "அழிக்கப்பட்டது" என்றே பதில் வரலாம். காகிதத்தை அழிப்பது அவர்கள், காகிதம் எங்கே என்று கோர்ட்டில் கேட்பதும் அவர்கள்! கோபம் வரத்தான் செய்கிறது.

பதில் எதுவாக இருந்தாலும், அதை எடுத்துக்கொண்டு அஸ்தம்பட்டி கோர்ட் வளாகத்தில் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் ஒருமுறை காட்டுங்கள். ஆலோசனைக்குக் காசில்லை. அப்புறம், "வருவதில் பாதி" என்று பேசுகிறவர் வக்கீலாகவே இருந்தாலும் அது பார் கவுன்சில் விதிப்படி தப்பு. பூர்த்தி செய்யாத வக்காலத்தில் (வக்கீலுக்கு அதிகாரம் தரும் படிவம்) அப்பா கையெழுத்துப் போட்டிருந்தால் அதைத் திருப்பி வாங்குங்கள். அசல் சர்வீஸ் புத்தகம் அந்த ஆளிடம் போயிருந்தால், முதலில் அதை வாங்கிவிட்டு மற்றதைப் பேசுங்கள்.