தமிழில் எந்த வேடத்துக்கும் பொருந்திய குணச்சித்திர நடிகர் என்று யாரைச் சொல்வீர்கள்?

டெல்லி கணேஷ். இது என் பதில் என்பதைவிட எங்கள் ஐயாவின் பதில்.

ஐயா, அதாவது அப்பாவின் அப்பா, காரைக்குடிப் பக்கம் செட்டியார் வீடுகளில் சமையல் செய்யும் தவசிப்பிள்ளையாக இருந்தவர். ஆயிரம் இலைக் கல்யாணத்துக்குக் கோட்டை அடுப்பு மூட்டியவர். சினிமாவெல்லாம் அவருக்குப் பொழுது கெடுப்பது. ஆனால் டிவியில் 'மைக்கேல் மதன காமராஜன்' (1990) வந்தால் மட்டும் திண்ணையிலிருந்து எழுந்து உள்ளே வருவார். கல்யாணச் சாம்பாரில் மீன் கிடக்கிற காட்சியில் நாங்கள் கமலைப் பார்த்து உருண்டு சிரிப்போம். ஐயா சிரிக்கமாட்டார். சமையல்காரர் பாலக்காட்டு மணி ஐயராக வரும் டெல்லி கணேஷையே பார்த்துக்கொண்டிருப்பார். "பந்தி காத்துக்கிட்டிருக்கையில குழம்பு கெட்டுப்போச்சுன்னா சமையக்காரனுக்கு மொதல்ல வயிறுதான்டா கலங்கும். அந்தாளு மூஞ்சியில தெரியுது பாரு."

அதற்கு முந்தின வருடம் வந்த 'அபூர்வ சகோதரர்கள்' படத்தின் நான்கு வில்லன்களில் ஒருவரான பிரான்சிஸ் அன்பரசுவும் இவர்தான் என்று எத்தனையோ முறை சொல்லிப் பார்த்துவிட்டேன். "அது வேற ஆளு" என்று முடித்துவிடுவார். இதைவிடப் பெரிய விருது ஒரு குணச்சித்திர நடிகருக்கு உண்டா தெரியவில்லை.

பிறந்தது 1944இல், வல்லநாட்டில். 1964 முதல் 1974 வரை விமானப்படையில் வேலை. டெல்லியில் நாடகம் போட்டவரை பாலசந்தர் 'பட்டினப்பிரவேசம்' படத்தில் அறிமுகப்படுத்தி, பெயருக்கு முன்னால் ஊரையும் ஒட்டிவைத்தார். பிறகு நானூறுக்கும் மேற்பட்ட படங்கள். 'பசி'யில் (1979) ரிக்‌ஷா ஓட்டும் அப்பா. 'சிந்து பைரவி'யில் (1985) குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வரும் மிருதங்க வித்துவான். எத்தனையோ படங்களில் பெண்ணுக்கு வரன் தேடும் அப்பாவாகவும் வந்து போனார். அவற்றில் அவருக்குச் செய்ய ஒன்றும் இல்லை, விட்டுவிடலாம்.

'நாயகன்' (1987) அய்யரை விடமுடியாது. வேலு நாயக்கருக்கு இந்தி தெரியாது, பக்கத்தில் நின்று மொழிபெயர்ப்பது அய்யரின் வேலை. யோசித்துப் பாருங்கள், பேச்சு அவருடையது இல்லை, கோபமும் அவருடையது இல்லை. இரண்டு பக்கமும் காது கொடுத்து நிற்கவேண்டும். டெல்லி கணேஷின் வித்தை முழுக்க அங்கேதான் இருக்கிறது: அடுத்தவர் பேசும்போது அவர் கேட்பார். நிஜமாகவே கேட்பார். தன் வசனம் எப்போது வரும் என்று காத்திருக்கும் முகம் அவரிடம் கிடையாது. 'கஸ்தூரி', 'செல்லமே' சீரியல்களிலும் அப்படித்தான். ஒரு வார்த்தைக்கு ஒன்பது முகத்தைக் காட்டி டமார் டமார் என்று அடிப்பார்களே, அந்த அமளியிலும் இவர் முகம் மட்டும் வீட்டு மனுஷர் முகமாக இருக்கும்.

கேட்பது என்ன பெரிய கஷ்டம் என்பீர்கள். நான் பட்டதைச் சொல்கிறேன். எங்கள் பக்கத்துக்கு சினிமா புதிதல்ல. ஏவி.எம். தேவகோட்டை ரஸ்தாவில் ஸ்டுடியோ போட்டு 'நாம் இருவர்' (1947) எடுத்த மண். இன்றைக்கும் கானாடுகாத்தான் வீடுகளில் படப்பிடிப்பு நடக்கிறது. அப்படி ஒரு படத்தில் பந்திக் காட்சிக்கு ஆள் எடுத்தார்கள், நானும் போய் இலை முன்னால் உட்கார்ந்தேன். பக்கத்தில் ஒருவர் பேசுவார், நான் சாப்பிட்டுக்கொண்டே கேட்கவேண்டும். அவ்வளவுதான். ஒன்பது டேக். ஆறிப்போன வாழைக்காய்ப் பொரியலை வாயில் வைத்தால் பேச்சு காதில் விழவில்லை, பேச்சைக் கவனித்தால் கை இலையிலேயே நின்றுவிட்டது. ஐந்நூறு என்றவர்கள் முந்நூறுதான் கொடுத்தார்கள். படத்தில் என் முழங்கை மட்டும் வருகிறது. (அந்த நடிப்புக்கு முந்நூறே அதிகம் என்பது வீட்டில் உள்ளவர்கள் கருத்து.)

2024 நவம்பரில் அவர் இறந்த செய்தி டிவியில் ஓடியது. ஐயாவிடம் சொன்னேன். "நம்ம சமையக்காரரா?" என்றார். ஆமாம் என்றுவிட்டு, அவர் சமையல்காரரே இல்லை, பத்து வருடம் விமானப்படையில் இருந்தவர் என்றும் சொல்லிவைத்தேன்.

ஐயா கொஞ்ச நேரம் டிவியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அங்கயும் சமையல்லதான் இருந்திருப்பாரு" என்றார்.