அதிகம் பேர் அறியாத, ஆனால் உங்களை மிகவும் பாதித்த விளையாட்டு வீரர் யார்?

கிறிஸ்டி ரிங். அயர்லாந்தின் கார்க் நகரில் எண்ணெய் லாரி ஓட்டிப் பிழைத்தவர். மட்டையால் பந்தடிக்கும் ஹர்லிங் என்ற அயர்லாந்து ஆட்டத்தில் அவருக்கு மேல் ஆள் இல்லை என்று இந்த ஊரில் பள்ளிக்கூடப் பையன்கூடச் சொல்வான்.

நாங்கள் கார்க்கிற்குக் குடிவந்து ஆறு வருடம் ஆகிறது. விமான நிலையத்தில் அவருடைய சிலை இருக்கிறது. யாரென்று தெரியாமல் பலமுறை அதைக் கடந்து போயிருக்கிறேன். அது ரிங் என்று சொன்னவர் என் மகனின் ஹர்லிங் பயிற்சியாளர்.

அவருக்கு அறுபது வயது ஆகப்போகிறது. பகலில் பிளம்பர் வேலை. இளமையில் இதே க்ளப்புக்கு ஆடியவர், இப்போது சின்னப் பிள்ளைகளுக்குக் கற்றுக்கொடுக்கிறார். வாரம் இரண்டு மாலை, கொட்டுகிற மழையிலும் வந்துவிடுவார். ஒரு காசு வாங்குவதில்லை. அவர் மட்டுமில்லை, இந்த ஆட்டத்தில் யாருக்குமே சம்பளம் கிடையாது. டப்ளினில் 80,000 பேருக்கு முன்னால் இறுதிப்போட்டி ஆடுபவர்களும் ஆசிரியராகவோ விவசாயியாகவோ வேறொரு வேலை பார்த்துத்தான் வாழ்கிறார்கள்.

முதல் நாள் என் மகன் அவரை அங்கிள் என்று கூப்பிட்டான். இங்கே பெரியவர்களையும் பெயர் சொல்லித்தான் கூப்பிடுவார்கள், அது அவனுக்கு வரவே இல்லை. அதைவிடப் பெரிய சிக்கல் கை. கிரிக்கெட்டில் வலக்கைக்காரன் மட்டையின் மேல்பக்கம் இடக்கையை வைப்பான். ஹர்லிங்கில் வலக்கைதான் மேலே இருக்க வேண்டும். ஓடும்போது அந்த ஒரு கையில்தான் மட்டை இருக்கும், மற்றக் கை பந்து பிடிக்க. அவர் திட்டவில்லை, விளக்கவும் இல்லை. குனிந்து இரண்டு கைகளையும் மாற்றி வைத்துவிட்டு அடுத்த பிள்ளையிடம் போய்விட்டார். திரும்பிப் பார்த்தால் மறுபடி பழைய பிடி. மறுபடி வந்து மாற்றினார். ஒரு மாதம் இப்படியே போயிற்று. அந்தப் பொறுமையை என்னால் மறக்க முடியாது.

ஆட்டத்தைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அணிக்கு 15 பேர். ஆஷ் மரத்தில் செய்த, நுனி அகன்ற மட்டைக்கு ஹர்லி என்று பெயர். பந்து ஸ்லிட்டர், உள்ளே தக்கை, மேலே தோல். கோலின் குறுக்குக் கம்பத்துக்கு மேலே அடித்தால் 1 புள்ளி, கீழே வலைக்குள் அடித்தால் 3. இப்போது எல்லாருக்கும் ஹெல்மெட் கட்டாயம். ரிங் காலத்தில் அது இல்லை, அவர் துணித்தொப்பியோடு ஆடியவர்.

ரிங் 1920-இல் க்ளொய்ன் என்ற சிற்றூரில் பிறந்தார். வேலைக்காகக் கார்க் நகருக்கு வந்து, 1941-இல் க்ளென் ரோவர்ஸ் க்ளப்பில் சேர்ந்தார். அந்த ஒரே க்ளப்போடு 14 முறை கார்க் மாவட்டச் சாம்பியன். கார்க் மாவட்ட அணியோடு 8 முறை அகில அயர்லாந்துப் பட்டம், அதில் மூன்று முறை அவரே கேப்டன். லாரியில் எப்போதும் ஒரு ஹர்லி கிடக்கும், வழியில் கொஞ்சம் நேரம் கிடைத்தாலும் இறங்கிப் பந்தடிப்பார் என்று இங்கே சொல்வார்கள்.

எனக்கு அவருடைய வெற்றிகளைவிட 1956 இறுதிப்போட்டிதான் பிடித்திருக்கிறது. ஒன்பதாவது பட்டத்துக்காக ஆடினார். ஆட்டம் முடியும் தறுவாயில் அவர் அடித்த அடியை எதிரணியான வெக்ஸ்ஃபோர்டின் கோல்கீப்பர் ஆர்ட் ஃபோலி தடுத்துவிட்டார். கார்க் தோற்றது. அப்புறம் நடந்ததுதான் பெரிது. வென்ற வெக்ஸ்ஃபோர்ட் வீரர்கள் இருவர், நிக் ஓ'டானலும் பாபி ராக்கர்டும், தோற்ற ரிங்கைத் தோளில் தூக்கிக்கொண்டு மைதானத்தை விட்டு வந்தார்கள். அந்த ஒன்பதாவது பட்டம் அவருக்குக் கடைசிவரை கிடைக்கவில்லை.

ஆடுவதை நிறுத்திய பிறகும் அவர் ஆட்டத்தை விடவில்லை. கார்க் அணியின் தேர்வாளர்களில் ஒருவராக இருந்தார். 1976, 77, 78 என்று மூன்று ஆண்டுகளும் கார்க் தொடர்ந்து வென்றது. அடுத்த மார்ச் மாதம் கார்க் தெருவில் திடீரென்று விழுந்து இறந்தார். வயது 58. க்ளொய்னில் அடக்கம் செய்தார்கள். கல்லறையருகே பேசியவர் நாட்டின் பிரதமர் ஜாக் லிஞ்ச். அவரும் க்ளென் ரோவர்ஸ்காரர், ரிங்கோடு சேர்ந்து ஆடியவர்.

எங்கள் பயிற்சியாளர் அப்போது பள்ளிச் சிறுவன். அப்பாவோடு சாலையோரம் நின்று ரிங்கின் இறுதி ஊர்வலத்தைப் பார்த்திருக்கிறார். ஒருநாள் பயிற்சி முடிந்து, சேற்றில் கிடந்த பந்துகளைப் பொறுக்கிக்கொண்டே இதை எனக்குச் சொன்னார். அத்தனை கூட்டத்திலும் ஒரு சத்தம் இல்லையாம். சொல்லிவிட்டுக் கொஞ்ச நேரம் பையின் கயிற்றை முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்தார். அப்புறம் ஒரு பந்தை வெளியே எடுத்து என் மகனிடம் கொடுத்து, வீட்டுச் சுவரில் அடித்துப் பழகு, இடப்பக்கமும் அடி என்றார்.

எங்கள் பின்பக்கச் சுவர் முழுக்க இப்போது பந்துத் தடம். இடப்பக்கத் தடங்கள் கொஞ்சம் தாறுமாறாக இருக்கின்றன.