பள்ளிக்கு ஒழுங்காகப் போகாத ஒருவர் திரைக்கதை எழுத்தாளர் ஆக முடியுமா?

முடியும். ஜப்பானில் அனிமே எனப்படும் அனிமேஷன் தொடர்களுக்கு எழுதும் மாரி ஒகாடா ஆகியிருக்கிறார். கேட்டவர் இப்போது வீட்டில்தான் இருக்கிறார், யாரோ ஒரு சித்தப்பா "அடுத்து என்ன?" என்று குடைந்துவிட்டுப் போயிருக்கிறார் என்று வைத்துக்கொண்டு எழுதுகிறேன்.

ஒகாடா 1976இல், மலைகள் சூழ்ந்த சிச்சிபு ஊரில் பிறந்தவர். வகுப்புப் பிள்ளைகளின் தொல்லையால் சின்ன வயதிலேயே பள்ளியை விட்டு ஒதுங்கியவர். அவரே 2017இல் தன்வரலாறாக எழுதியிருக்கிறார். 2011இல் மட்டும் 'கோசிக்', 'ஹனசாகு இரோஹா', 'அனோஹனா' என்ற மூன்று அனிமே தொடர்களுக்கும் தலைமை எழுத்தாளர். எந்த எபிசோடில் என்ன நடக்கும் என்று இயக்குநரோடு உட்கார்ந்து முடிவு செய்வது, மற்ற எழுத்தாளர்களுக்குப் பிரித்துக் கொடுப்பது, கூட்டத்தில் எல்லாரும் குறை சொன்ன பிரதியைத் திரும்பத் திரும்ப எழுதுவது எல்லாம் அந்த வேலைதான். வீட்டில் முடங்கிக் கிடந்த பெண் செய்த வேலை இது!

'அனோஹனா' நாயகன் ஜின்தாவும் பள்ளிக்குப் போகாதவன். தெரிந்தவர் கண்ணில் பட்டுவிடக் கூடாதே என்று அவன் தவிப்பதைப் பார்த்தபோது எனக்குச் சிரிப்பும் வந்தது, எரிச்சலும் வந்தது. நான் பிளஸ் ஒன்னில் நின்றுபோனவன். ஸ்கூல் வேன் தெருவைத் தாண்டிய பிறகுதான் பால் வாங்கவே இறங்குவேன். எனக்கு டைபாய்டு என்று அப்பா ஊரெல்லாம் சொல்லி வைத்திருந்தார். எதிர்வீட்டு அத்தை அதை நம்பி மாதக்கணக்கில் கஞ்சி கொடுத்தனுப்பினார். பிறகு தனித்தேர்வு எழுதி, இப்போது விளம்பரங்களுக்கு வசனம் எழுதுகிறேன். போன வருஷம் ஒரு நேர்காணலில் கூட "நடுவில் ஏன் இடைவெளி?" என்றார்கள். டைபாய்டு என்றேன். அப்பா சொன்ன பொய் இன்னும் செல்லுபடியாகிறது.

படிப்பை விடச் சொல்கிறேன் என்று யாரும் கமெண்ட்டில் கிளம்பிவிடாதீர்கள். ஒகாடாவும் சும்மா இருந்து எழுத்தாளர் ஆகவில்லை. டோக்கியோ போய்த் தொழில் கற்று, அடிமட்டத்திலிருந்து வருஷக்கணக்கில் எழுதியவர். 2018இல்தான் 'மக்கியா' படத்தை இயக்கினார். "கதையில் ரொம்ப அழுகை" என்று அவரைத் திட்டுபவர்களும் உண்டு. சில இடங்களில் எனக்கும் அப்படித்தான் தோன்றும். அது வேறு விஷயம்.

கேள்விக்குச் சம்பந்தமில்லைதான், ஆனாலும் சொல்கிறேன். ஓடிடியில் கடைசிப் பெயர்ப் பட்டியல் வந்ததும் அடுத்த எபிசோடுக்குத் தாவிவிடுகிறார்களே, யார் செய்த வேலை அது? எழுதியவர் பெயரைப் படிக்க ரிமோட்டோடு மல்லுக்கட்ட வேண்டியிருக்கிறது.