சின்ன ஊர் மேயராக இருந்த வக்கீல் யாராவது அமெரிக்க அதிபர் ஆனதுண்டா?

உண்டு, கால்வின் கூலிட்ஜ். சட்டக் கல்லூரிப் பக்கமே போகாதவர். மாசசூசெட்ஸ் மாநிலத்தில் நார்தாம்ப்டன் என்ற சிறு நகரில், ஒரு வக்கீல் அலுவலகத்தில் உட்கார்ந்து படித்தே 1897-ல் வழக்கறிஞர் ஆனார். அப்புறம் நகர்மன்ற உறுப்பினர், நகரத்தின் சட்ட ஆலோசகர் என்று படிப்படியாக ஏறி 1910, 1911 இரண்டு வருடமும் மேயர். ஆசிரியர் சம்பளத்தைக் கூட்டினார், நகரத்தின் கடனையும் குறைத்தார், வரியையும் கொஞ்சம் இறக்கினார்; அதிபராகச் செய்ததைவிட எனக்கு இதுதான் பெரிதாகத் தெரிகிறது.

1919-ல் ஆளுநர், 1921-ல் துணை அதிபர். 1923 ஆகஸ்ட் 3 அதிகாலை, அதிபர் ஹார்டிங் இறந்த செய்தி வந்ததும், வெர்மான்ட் கிராமத்து வீட்டில் மண்ணெண்ணெய் விளக்கு வெளிச்சத்தில் இவருக்குப் பதவிப் பிரமாணம் செய்து வைத்தது யார் தெரியுமா? நோட்டரியாக இருந்த சொந்த அப்பா! 1929-ல் பதவி முடிந்ததும் அதே நார்தாம்ப்டனுக்கு, பழைய வாடகை வீட்டுக்கே திரும்பிவிட்டார்.