மாப்பிள்ளை கட்டாரில், பொண்ணு தலவாக்கலையில்: கல்யாணப் பதிவுக் கேள்விகள்

கேள்வி: மகளுக்கு நிச்சயம் செய்த பையன் கட்டாரில் வேலை செய்கிறார். ஒரு வாரம்தான் லீவு கிடைக்குமாம். அற்றோனித் தத்துவம் எழுதிக் கொடுத்தால் அவருடைய அண்ணன் கையெழுத்துப் போட்டுப் பதிவை முடிக்கலாம், பையன் வாட்ஸ்அப் வீடியோவில் இருந்தால் போதும் என்று ஒரு புரோக்கர் சொல்கிறார். செய்யலாமா?
– ஒரு தாய், தலவாக்கலை

பதில்: வேண்டாம் அம்மா. அவரிடம் ஒரு ரூபாயும் கொடுத்துவிடாதீர்கள். அற்றோனித் தத்துவத்தை வைத்துக் காணி விற்கலாம், கல்யாணம் கட்ட முடியாது. இலங்கையின் 1907ஆம் ஆண்டின் 19ஆம் இலக்க விவாகப் பதிவுக் கட்டளைச் சட்டப்படி இருவரும் பதிவாளர் முன் நேரில் நின்று சம்மதம் சொல்லி, இரண்டு சாட்சிகளோடு கையெழுத்திட வேண்டும். சாகக் கிடக்கிறவரின் கல்யாணத்துக்கும் அந்தச் சட்டத்தில் இடம் உண்டு. அப்போதும் பதிவாளர்தான் படுக்கையருகே போகிறார். அவருக்காக இன்னொருவர் கையெழுத்திடுவதில்லை.

ஆனால் பையனின் ஒரு வார லீவு தாராளமாகப் போதும். கல்யாணம் செய்யப் போகிறோம் என்று பதிவாளருக்கு முன்கூட்டியே தெரிவிக்கும் விவாக அறிவித்தலைக் கொடுக்க அவர் இங்கே இருக்கத் தேவையில்லை. ஒருவர் வெளிநாட்டில் இருந்தால் இங்கிருப்பவர் மட்டும் கொடுக்கலாம். மகள் அந்தப் பதிவாளர் பிரிவில் குறைந்தது 10 நாள் தொடர்ந்து தங்கியிருக்க வேண்டும், அவ்வளவுதான். பலர் கோட்டைவிடுவது இங்கேதான். கொழும்பில் வேலை செய்யும் பிள்ளை மூன்று நாள் லீவில் தோட்டத்துக்கு வந்து அறிவித்தல் கொடுக்கப் போனால் சரிவராது. கொழும்பிலேயே கொடுக்கட்டும், இல்லாவிட்டால் 10 நாள் வீட்டில் இருக்கட்டும்.

அறிவித்தல் பதிந்து 12 நாள் கழித்துத்தான், கல்யாணத்தைப் பதியலாம் என்ற அத்தாட்சிப் பத்திரம் தருவார்கள். அறிவித்தல் பதிந்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் கல்யாணப் பதிவு நடக்காவிட்டால் அறிவித்தல் செல்லாமல் போய்விடும், மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டும். ஆகவே பையனின் டிக்கெட் தேதி உறுதியான பிறகு, அவர் வருவதற்கு ஒரு மாதம் முன்னால் கொடுப்பது நல்லது. அவசரமென்றால் அந்த 12 நாள் காத்திராமல் பதிய விசேட அனுமதிப்பத்திரம் கேட்கலாம், கட்டணம் கூடும்.

கோயிலிலோ வீட்டிலோ பதிய வேண்டுமென்றால் அதற்கும் முன்கூட்டியே அனுமதி எடுக்க வேண்டும். பதிவுக்கு வழக்கமான நேரம் காலை 6 மணி முதல் மாலை 6 மணி வரை. முகூர்த்தம் விடியற்காலை 4.30 என்றால் தாலியை அப்போது கட்டுங்கள், கையெழுத்தை விடிந்த பிறகு வைத்துக்கொள்ளுங்கள்.

நம் மலையகத்தில் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். கண்டியச் சிங்களவரின் விவாகத்துக்கு 1952ஆம் ஆண்டின் தனிச் சட்டம் இருக்கிறது, அது நமக்குரியதல்ல. படிவம் பொது விவாகத்துக்கானதா என்று கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள்.

இதைவிடப் பெரிய தலைவலி பெயர்ப் பிழை. பிறப்புச் சான்றிதழில் ‘தமிழ்ச்செல்வி’, அடையாள அட்டையில் ‘தமில்செல்வி’, பாஸ்போட்டில் அப்பா பெயர் முன்னால், மற்றதில் பின்னால்! விசா அதிகாரிக்கு இது மூன்று வெவ்வேறு ஆட்கள். அறிவித்தலுக்கு முன்பே பிழையாக உள்ள ஆவணத்தைத் திருத்திவிடுங்கள். பதிவன்று புத்தகத்தில் சிங்களத்தில் எழுதினால், வாசிக்கத் தெரிந்த ஒருவரை வைத்து ஒவ்வொரு எழுத்தையும் பார்த்த பிறகே மகளைக் கையெழுத்திடச் சொல்லுங்கள்.

கேள்வி: தையில் கோயிலில் தாலி கட்டினோம். பதியாமலே அவர் துபாய் போய்விட்டார். கல்யாணப் படங்களைக் காட்டி நான் மட்டும் பதியலாமா?
– வாசகி, ஹட்டன்

பதில்: முடியாது தங்கச்சி. ஆனால் பயப்படாதீர்கள். முறைப்படி சடங்கோடு நடந்த கல்யாணம் பதியாததால் மட்டும் இல்லையென்று ஆகிவிடாது. நிரூபிப்பதுதான் கஷ்டம், பதிவுதான் அதற்குச் சிறந்த சாட்சி. அவர் அடுத்த முறை வரும்போது மேலே சொன்னபடியே செய்யுங்கள். சான்றிதழில் பதிவு நடந்த தேதிதான் வரும், தாலி கட்டிய தேதி வராது. விசா விண்ணப்பத்தில் இரண்டு தேதிகளையும் மறைக்காமல் எழுதுங்கள். அதுவரை பத்திரிகை, படங்கள், ஐயரின் விவரம் எல்லாவற்றையும் பத்திரமாக வைத்திருங்கள்.

கேள்வி: மாப்பிள்ளை கனடாவில். அமெரிக்க மாநிலம் ஒன்றில் ஒன்லைனில் கல்யாணம் செய்து, அந்தச் சான்றிதழை வைத்து ஸ்பொன்சர் பண்ணலாமா?
– வாசகர், பண்டாரவளை

பதில்: யூட்டா மாநிலத்தில் அப்படிச் செய்ய வழி இருப்பது உண்மைதான். ஆனால் இருவரில் ஒருவரோ இருவருமோ நேரில் இல்லாமல் தொலைபேசியிலோ இணையத்திலோ பதிலாள் மூலமோ நடந்த கல்யாணத்தை வைத்துத் துணையை ஸ்பொன்சர் செய்வதைக் கனடா 2015 ஜூன் 11 முதல் ஏற்பதில்லை. கனேடியப் படையினருக்கு மட்டும் விதிவிலக்கு. அந்தச் செலவுக்கு மாப்பிள்ளைக்கு ஒரு டிக்கெட் போடுங்கள்.