சோதனை அறிக்கை ‘சூடோமோனாஸ்’ என்கிறது, மரபணு ‘பர்க்கோல்டேரியா’ என்கிறது: எதை நம்புவது?

கேள்வி: பெரம்பலூர் மாவட்டத்தில் உழவர் உற்பத்தியாளர் நிறுவனம் ஒன்றின் சிறிய ஆய்வகத்தைக் கவனித்துக்கொள்கிறேன். மக்காச்சோள வேர் மண்ணிலிருந்து ஒரு பாக்டீரியாவைப் பிரித்தெடுத்தோம். வேரழுகல் பூஞ்சையைத் தட்டில் நன்றாகவே அடக்குகிறது. உயிர்வேதிச் சோதனை செய்த வெளி ஆய்வகம் ‘சூடோமோனாஸ் புளோரசன்ஸ்’ என்று அறிக்கை கொடுத்தது. பாக்டீரியாவை அடையாளம் காணப் பயன்படும் 16எஸ் மரபணுவைப் படித்துத் தந்த நிறுவனமோ ‘பர்க்கோல்டேரியா செபாசியா, 99.6 சதவீத ஒற்றுமை’ என்கிறது. எதை நம்புவது? இதைப் பெருக்கி உறுப்பினர்களின் சின்ன வெங்காய வயல்களுக்குக் கொடுக்கலாமா?

பதில்: இரண்டாவது கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். இப்போது கொடுக்காதீர்கள், சோதனைக்கென்று ஒரு பாத்திக்குக்கூட வேண்டாம்.

உங்கள் அறிக்கையில் உள்ள இரண்டு பெயர்களில் ஒன்று வெங்காயத்துக்கே எதிரி. அமெரிக்காவின் கார்னெல் பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய வால்டர் பர்க்கோல்டர், 1950இல் வெங்காயக் குமிழின் செதில்களை அழுகச் செய்யும் பாக்டீரியாவை விவரித்தார். அன்று அதற்கு இட்ட பெயர் ‘சூடோமோனாஸ் செபாசியா’. அதுதான் இன்றைய பர்க்கோல்டேரியா செபாசியா. வெங்காயத்தோடு இது நிற்பதில்லை. சிஸ்டிக் ஃபைப்ரோசிஸ் என்னும் பரம்பரை நுரையீரல் நோய் உள்ளவர்களுக்கும், நோய் எதிர்ப்பாற்றல் குன்றியவர்களுக்கும் இது உயிராபத்தான தொற்றைத் தரக்கூடியது. மருத்துவமனைகளில் கிருமிநாசினிக் கரைசலுக்குள்ளேயே உயிரோடிருந்து பரவியிருக்கிறது. நல்ல உடல்நலம் உள்ளவர்களை இது பெரும்பாலும் தொடுவதில்லை. ஆனால் கைத்தெளிப்பானில் ஊற்றித் தெளிக்கும்போது அந்தத் துளிகளை யார் சுவாசிப்பார்கள் என்பது நம் கையில் இல்லை. செபாசியாவும் அதன் நெருங்கிய உறவினங்களும் சேர்ந்த குழுவைப் புதிய பயன்பாடுகளுக்குக் கொண்டுவர அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை 2003இலேயே கட்டுப்பாடு விதித்துவிட்டது. மக்காச்சோள வேரில் இந்தக் குழு இயல்பாகக் குடியிருக்கும் என்பதால், உங்களுக்கு வந்த மரபணு முடிவு வியப்பானதும் அல்ல.

இனி, அறிக்கைகள் ஏன் முரண்படுகின்றன என்று பார்ப்போம். இத்தகைய முரண்பாட்டில் முதலில் சந்தேகப்பட வேண்டியது, வேறு பாக்டீரியா கலந்திருக்கிறதா என்பதைத்தான். ஒரு காலனியை ஓர் ஆய்வகத்துக்கும், பக்கத்துக் காலனியை இன்னொன்றுக்கும் அனுப்பியிருந்தால் இரண்டு அறிக்கையுமே சரியாக இருக்கலாம். சேமிப்பிலிருந்து எடுத்து, கிங்ஸ்-பி என்ற வளர்ப்பு ஊடகத்தில் தனிக் காலனி வரும்படி கோடிழுத்து, ஒரே காலனியை மீண்டும் மீண்டும் பிரித்து, தட்டு முழுவதும் ஒரே தோற்றம் வரும் வரை தொடருங்கள். மரபணு நிறுவனத்திடம் அறிக்கையோடு மூல வரைபடத்தையும் கேட்டு வாங்குங்கள். ஒரே இடத்தில் இரண்டு நிற முகடுகள் ஒன்றன்மேல் ஒன்றாகத் தொடர்ந்து தெரிந்தால், கல்ச்சர் கலந்திருக்கிறது என்று கொள்ளலாம்.

கலப்பு இல்லை என்று உறுதியான பிறகு, உயிர்வேதி அறிக்கையில் எந்தெந்தச் சோதனைகள் நடந்திருக்கின்றன என்று பாருங்கள். இண்டோல், மெதில் ரெட், வி.பி., சிட்ரேட், யூரியேஸ் என்ற பட்டியலே இருந்தால், அது குடல் பாக்டீரியாக்களைப் பிரிப்பதற்காக அமைந்த தொகுப்பு. சர்க்கரையை நொதிக்கச் செய்யாத உங்கள் பாக்டீரியா போன்றவற்றுக்கு அதில் பெரும்பாலும் ‘எதிர்மறை’ என்றே விழும், சிட்ரேட் மட்டும் நேர்மறையாக வரும். சூடோமோனாஸும் பர்க்கோல்டேரியாவும் அந்தச் சல்லடையில் ஒன்றாகவே விழுகின்றன. பழக்கத்தில் உள்ள பெயரை எழுதிவிடுவது அங்கேதான் நடக்கிறது.

உங்கள் ஆய்வகத்திலேயே செய்யக்கூடிய, உண்மையில் பிரித்துக்காட்டும் சோதனைகள் சில உண்டு. கிங்ஸ்-பி தட்டை இருட்டில் 365 நானோமீட்டர் புற ஊதா விளக்கின் கீழ் பாருங்கள். புளோரசன்ஸ் வகையாக இருந்தால் பயோவெர்டின் என்ற நிறமியால் மஞ்சள் கலந்த பச்சையாக ஒளிரும். இரும்புச்சத்து குறைந்த சூழலில்தான் இந்த நிறமி சுரக்கும். ஆழ்துளைக் கிணற்று நீரில் ஊடகம் காய்ச்சியிருந்தால், அதிலுள்ள இரும்பே ஒளிர்வை மறைத்துவிடலாம். ஆகவே காய்ச்சி வடித்த நீர் கட்டாயம். செபாசியா குழுவில் சிலவும் மஞ்சள் நிறமியைச் சுரக்கும், ஆனால் அது ஒளிராது. சூடோமோனாஸிலும் ஒளிராதவை உண்டு என்பதால், ஒளிர்வு இருந்தால் அது வலுவான சான்று, இல்லாவிட்டால் அதை வைத்து எதையும் முடிவு செய்ய முடியாது.

அடுத்து அமினோ அமிலச் சோதனைகள். ஒளிரும் சூடோமோனாஸ்களுக்கு ஆர்ஜினின் டைஹைட்ரோலேஸ் நேர்மறை, லைசின் டிகார்பாக்சிலேஸ் எதிர்மறை. செபாசியா குழுவில் பெரும்பாலும் இது தலைகீழாக இருக்கும். பாலிமிக்சின் பி என்ற நுண்ணுயிர்க்கொல்லி வில்லையைச் சுற்றிச் சூடோமோனாஸ் வளராது, செபாசியா வில்லையின் விளிம்பு வரை வளரும். ஆக்சிடேஸ் சோதனையில் செபாசியா மெதுவாகவும் மங்கலாகவும் நிறம் காட்டும். நிக்ரோம் கம்பியால் காலனியை எடுத்தால் உலோகமே போலி நீலத்தைத் தரும். மரக்குச்சியோ பிளாஸ்டிக் வளையமோ பயன்படுத்தி, 10 விநாடிக்குள் பார்த்து எழுதிவிடுங்கள்.

இந்த இடத்தில் ஓர் எச்சரிக்கையைச் சொல்லாமல் நகர எனக்கு மனம் வரவில்லை. பர்க்கோல்டேரியா பேரினத்தில் சூடோமல்லை என்ற உறவினர் உண்டு. மண்ணிலும் நெல் வயல் நீரிலும் வாழ்ந்து, மெலியோய்டோசிஸ் என்ற கொடிய நோயை உண்டாக்குவது அது. ஆல்ஃப்ரெட் விட்மோர், சி.எஸ். கிருஷ்ணசாமி ஆகிய இருவரும் ரங்கூனில் கண்டறிந்து 1912இல் ‘இந்தியன் மெடிக்கல் கெசட்’ இதழில் அறிவித்த நோய் இது. தமிழ்நாட்டிலும் இலங்கையிலும் நோயாளிகள் கண்டறியப்பட்டிருக்கிறார்கள். இந்த பாக்டீரியாவும் ஆய்வகங்களில் அடிக்கடி ‘சூடோமோனாஸ்’ என்றே தவறாகப் பதிவாகிறது. முழு நீள மரபணு வரிசையில் செபாசியாவோடு 99.6 சதவீதம் ஒத்துப்போகும் ஒன்று இதுவாக இருக்க வாய்ப்பு குறைவு. ஆனாலும் பாலிமிக்சின், ஜென்டாமைசின் இரண்டையும் தாங்கி, அமாக்சிசிலின்-கிளாவுலனேட்டுக்கு மட்டும் பணிந்தால், நாள்பட்ட காலனி உலர்ந்து சுருங்கிக் காணப்பட்டால், அந்தத் தட்டை மேசையில் திறக்காதீர்கள், முகர்ந்து பார்க்கவே கூடாது. மூடி ஒட்டி, மருத்துவக் கல்லூரி ஒன்றின் நுண்ணுயிரியல் துறையைத் தொடர்புகொள்ளுங்கள். பெயர் தெளிவாகும் வரை எல்லா வேலையையும் கையுறையோடு, உயிரியல் பாதுகாப்புப் பெட்டகத்துக்குள் செய்யுங்கள்.

இப்போது வேதியியல் சான்றுக்கு வருவோம். உங்கள் குழப்பத்தை மிகத் தெளிவாகத் தீர்க்கக்கூடியது இதுதான் என்பது என் கருத்து. 1973இல் கலிபோர்னியாவின் பெர்க்லியில் பல்லரோனியும் அவரது குழுவினரும், ‘சூடோமோனாஸ்’ என்ற ஒரே பெயருக்குள் ஐந்து தனித்தனிக் கூட்டங்கள் இருப்பதை ரைபோசோம் ஆர்.என்.ஏ. ஒப்பீட்டால் காட்டினார்கள். பிற்பாடு உயிரணுச் சவ்வில் எலக்ட்ரானைக் கடத்தும் யுபிகுயினோன் (சுருக்கமாக கியூ) என்ற மூலக்கூறை ஆராய்ந்தபோது, அந்தப் பிரிவு வேதியியலிலும் அப்படியே தெரிந்தது. முதல் கூட்டத்தில், அதாவது புளோரசன்ஸ் இருக்கும் உண்மையான சூடோமோனாஸில், முதன்மையானது கியூ-9. செபாசியா இருந்த இரண்டாம் கூட்டத்தில் கியூ-8. இந்த எண், குயினோன் மூலக்கூறின் வாலில் எத்தனை ஐசோபிரீன் அலகுகள் கோக்கப்பட்டிருக்கின்றன என்பதைக் குறிக்கிறது. ஓர் அலகுக்கு ஐந்து கார்பன். ஊடகத்தை மாற்றினாலும் வெப்பநிலையை மாற்றினாலும் குயினோனின் அளவு கூடலாம், குறையலாம். ஆனால் எட்டு ஒன்பதாவதில்லை. சர்க்கரைச் சோதனைகளில் கிடைக்காத உறுதி இங்கே கிடைக்கிறது.

செய்முறையும் எட்டாத ஒன்றல்ல. உறைய வைத்து உலர்த்திய செல்கள் 100 மில்லிகிராம் இருந்தால் போதும். குளோரோஃபார்ம்-மெத்தனால் கலவையில் கரைத்தெடுத்து, சிலிக்கா தகட்டில் ஓட்டினால், 254 நானோமீட்டர் ஒளியில் யுபிகுயினோன் கருமையான பட்டையாகத் தெரியும். அதைச் சுரண்டி எடுத்து, கலவையில் உள்ள பொருட்களைப் பிரித்துக் காட்டும் எச்.பி.எல்.சி. கருவியில் 275 நானோமீட்டரில் பார்க்க வேண்டும். வால் நீளமான கியூ-9, கியூ-8க்குப் பின்னால் வெளிவரும். உங்கள் மாதிரியோடு அடையாளம் உறுதியான ஈ. கோலை ஒன்றையும் சூடோமோனாஸ் புளோரசன்ஸ் ஒன்றையும் சேர்த்து ஓட்டச் சொல்லுங்கள். முன்னது கியூ-8க்கும் பின்னது கியூ-9க்கும் அளவுகோல். அவை இல்லாமல் வரும் முகடு எதனுடையது என்று உறுதியாகச் சொல்ல முடியாது. எச்.பி.எல்.சி. உள்ள மருந்தியல் கல்லூரிகளில் இதைச் செய்து வாங்கலாம். மாதிரியை வெயிலிலும் பலத்த வெளிச்சத்திலும் வைக்காதீர்கள்.

கொழுப்பு அமிலப் பகுப்பாய்வு இரண்டாவது சாட்சி. அதில் மொத்த அளவுகளைவிட ஹைட்ராக்சி அமிலங்களைக் கவனியுங்கள். சூடோமோனாஸ் என்றால் 10, 12 கார்பன் கொண்ட 3-ஹைட்ராக்சி அமிலங்கள் இருக்கும். பர்க்கோல்டேரியா என்றால் 14, 16 கார்பன் கொண்டவை. குயினோனைப் போலன்றி, கொழுப்பு அமில விகிதம் வளர்ப்பு வெப்பத்தோடு மாறும். குளிரில் வளர்த்ததையும் சூட்டில் வளர்த்ததையும் ஒப்பிடக் கூடாது. ஒப்பீட்டு வளர்ப்பும் உங்களுடையதும் ஒரே ஊடகம், ஒரே வெப்பம், ஒரே வயது என்பதை எழுத்தில் கேட்டு வாங்குங்கள். ஜப்பானின் எய்கோ யபூச்சியும் அவரது குழுவினரும் 1992இல் பர்க்கோல்டேரியா என்ற பேரினத்தை உருவாக்கி, ஏழு சிற்றினங்களை அதற்கு மாற்றியபோது மரபணு வரிசையோடு இந்தக் கொழுப்புச் சான்றுகளையும் சேர்த்துத்தான் முன்வைத்தார்கள்.

மரபணு அறிக்கைக்கும் ஒரு வரம்பு உண்டு. 16எஸ் மரபணு சுமார் 1,500 எழுத்து நீளமானது. ஒரே பக்கத்திலிருந்து 700 எழுத்து மட்டும் படித்துவிட்டு 99.6 என்று சொல்லியிருக்கிறார்களா என்று கேளுங்கள். பொதுத் தரவுத்தளத்தில் யார் வேண்டுமானாலும் எந்தப் பெயரிலும் வரிசையைப் பதிவேற்றலாம். சிற்றினத்துக்குப் பெயர் சூட்டியபோது சான்றாகச் சேமித்த மூலமாதிரி வளர்ப்புகளோடு மட்டும் ஒப்பிடும் ஈஸிபயோகிளவுட் போன்ற தளத்தில் உங்கள் வரிசையை நீங்களே இட்டுப் பாருங்கள். 98.7 சதவீதத்துக்குக் கீழே இருந்தால் அது வேறு சிற்றினம் என்று கருத இடமுண்டு. ஆனால் அதற்கு மேலே இருந்தால் ‘இதேதான்’ என்று ஆகிவிடாது. பெல்ஜியத்தின் பீட்டர் வான்டாம் குழுவினர் 1997இல் செபாசியா என்பது ஒரே சிற்றினம் அல்ல, ஒரு கூட்டம் என்று நிறுவினார்கள். இன்று அதில் இருபதுக்கு மேற்பட்ட சிற்றினங்கள். அவற்றை 16எஸ் பிரித்துக்காட்டாது. ரெக்-ஏ என்ற மரபணுவைப் படிக்கச் சொல்லுங்கள். பணம் இருந்தால் முழு மரபணுத் தொகுதியையே படித்து, மூலமாதிரியோடு உள்ள சராசரி ஒற்றுமை 95 முதல் 96 சதவீதம் என்ற எல்லையைத் தாண்டுகிறதா என்று பார்க்கலாம். குயினோன், கொழுப்பு அமிலம், மரபணு மூன்றையும் ஒரே இடத்தில் முடிக்க விரும்பினால், சண்டிகரில் உள்ள நுண்ணுயிர் வளர்ப்புச் சேமிப்பகமும் புனேயின் தேசிய நுண்ணுயிர் வள மையமும் கட்டணத்துக்கு அடையாளம் காட்டித் தருகின்றன.

கிங்ஸ்-பி தட்டு ஒளிர்ந்து, கியூ-9 வந்து, ரெக்-ஏயும் ஒத்துப்போனால் முதல் அறிக்கை சரி. அப்போதும் 41 டிகிரியில் வளர்கிறதா என்று பாருங்கள். புளோரசன்ஸ் அந்தச் சூட்டில் வளராது, வளர்ந்து ஒளிர்வதானால் அது நோய் தரும் சூடோமோனாஸ் ஏருகினோசாவாக இருக்கலாம். கியூ-8 வந்து, ரெக்-ஏ செபாசியா கூட்டத்தைக் காட்டினால், பூஞ்சையை எவ்வளவு நன்றாக அடக்கினாலும் திட்டத்தைக் கைவிட்டு, தட்டுகளை 121 டிகிரி ஆட்டோகிளேவில் அழித்துவிடுங்கள். பயிருக்கு உதவும் பாராபர்க்கோல்டேரியா என்று வந்தால் மேற்கொண்டு ஆராய வழி திறக்கும். அந்தப் பெயர் 2014இல் தனியாகப் பிரிக்கப்பட்டது என்பதால், பழைய தரவுகளில் ‘பர்க்கோல்டேரியா’ என்றே இருக்கும். எந்தப் பெயர் வந்தாலும், நோய்க் கட்டுப்பாட்டுக்கு என்று விற்க 1968ஆம் ஆண்டின் பூச்சிக்கொல்லிச் சட்டப்படி பதிவு தேவை.

இந்தப் பருவ வெங்காயம் அதுவரை காத்திருக்காது. தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் பி.எஃப்.1 போன்ற, அடையாளம் உறுதியான, பதிவு பெற்ற புளோரசன்ஸ் பொடியை வாங்கி, பொட்டலத்தில் உள்ள அளவிலேயே உறுப்பினர்களுக்குக் கொடுங்கள்.