பெரிய கதாநாயகனாக வராத பிரெஞ்சு நடிகர் ழான்-பியர் பக்ரியின் திரைவாழ்க்கை தோல்விதானே?

நீங்களும் நாடகம், குறும்படம் என்று ஓரத்தில் நின்று நடிப்பவராக இருக்க வேண்டும். இல்லாவிட்டால் கேள்வியில் 'தோல்வி' என்ற சொல் வந்திருக்காது.

பக்ரி 1951-இல் அல்ஜீரியாவில் பிறந்தவர். வங்கி வேலையை விட்டுவிட்டு நடிக்க வந்தார். எண்பதுகளில் போலீஸ்காரர், சிடுமூஞ்சி என்று பெரும்பாலும் துணை வேடங்கள்தான். 1987-இல் ஒரு நாடகத்தில் நடிகை அன்யெஸ் ழவுயியை, பின்னாளில் அவர் துணைவியானவரை, சந்தித்த பிறகு இருவரும் சேர்ந்து எழுத ஆரம்பித்தார்கள். பிரான்சின் பெரிய திரைவிருதான சேசார், திரைக்கதைக்கு மட்டும் நாலு. நடிப்புக்கு ஒன்றுதான், 1998-இல், அதுவும் துணை நடிகருக்கானது. பின்னாளில் முதன்மை வேடங்கள் செய்தும் சிறந்த நடிகர் விருது கடைசிவரை கிடைக்கவில்லை.

சரி, அவர் எழுத்தில் நடித்தவர்களைப் பாருங்கள். 1996-இல் வந்த 'அன் ஏர் து ஃபமீய்' ஒரு பாரில் ஒரே மாலையில் நடக்கும் குடும்பச் சண்டை. பார் முதலாளி பக்ரி. ஆனால் துணை நடிகர், துணை நடிகை விருதுகளை வாங்கியது யார்? எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு நிற்கும் பணியாளாக வந்த தாரூசனும், தன் பிறந்தநாளுக்கு நாய்க்கழுத்துப் பட்டையைப் பரிசாக வாங்கும் மருமகளாக வந்த கத்ரின் ஃப்ரோவும். 2000-இல் ழவுயி இயக்கிய படத்திலும் அதே கதை: துணை நடிகர் விருது லான்வனுக்கு, துணை நடிகை விருது ஆன் அல்வரோவுக்கு. ஓரத்தில் நின்று பழகியவர்தான் ஓரத்தில் நிற்பவனுக்கும் ஒரு வாழ்க்கை எழுதுவார்.

"துணைவியே இயக்குநர், அதனால் வாய்ப்பு" என்று யாராவது கிளம்புவார்கள். ழவுயி படம் இயக்க வந்ததே 2000-இல்தான். அதற்குள் திரைக்கதைக்கே மூன்று சேசார் வந்தாயிற்று.

எனக்கு ஏன் இவ்வளவு கோபம் என்றால், நான் புதுச்சேரிக்காரன், பாரிஸ் புறநகரில் இருக்கிறேன். இங்கே ஒரு சங்கத்தின் ஆண்டுவிழா நாடகத்துக்குக் கதை, வசனம் எல்லாம் நான்தான். வேடம் என்று எனக்கு வைத்துக்கொண்டது வீட்டுக்கார முதலியார், ரெண்டு காட்சி. நோட்டீஸ் வந்தது. கதாநாயகன் படம் பெரிதாக, உணவு ஏற்பாடு செய்தவர் பெயர்கூட இருந்தது. கதை வசனம் என்று ஒரு வரி இல்லை. கேட்டால், "அடுத்த வருஷம் போட்டுடலாம் அண்ணே, இடம் பத்தல." பெயருக்கு அலைகிறேன் என்று நினைத்தால் நினைத்துக்கொள்ளுங்கள். ராத்திரி வேலை முடிந்து வந்து உட்கார்ந்து எழுதினவனுக்குத்தான் அது தெரியும்.

அதுகூடப் போகட்டும். மேடையில் பொன்னாடை போர்த்தியே நேரம் போய்விட்டது. பேச வந்தவர் ஒவ்வொருவரும் "ரெண்டே நிமிஷம்" என்றுதான் மைக்கைப் பிடிக்கிறார்கள். மண்டபத்தைப் பத்து மணிக்குக் காலி செய்யணும் என்றதும் நாடகத்தில் கை வைத்தார்கள். வெட்டியது எதை? கதாநாயகன் பாட்டையா? முதலியார் காட்சியையும் வேலைக்காரி காட்சியையும். அந்தப் பெண் ஊரிலிருந்து புடவை வரவழைத்துக் கட்டிக்கொண்டு வந்திருந்தாள். பொன்னாடை மட்டும் ஒன்றுகூடக் குறையவில்லை.